ஒரு சுற்றுப் பாம்பு

தேடா ஹிப்பன் ஒரு மனிதரைப் பார்க்கும்போது முகத்தில் தொடங்கமாட்டாள். தோளில் தொடங்குவாள். தோளைப் படித்து முடித்த பிறகு, நேரமிருந்தால், முகம்.

ஓஸ்டர்மூர் படைமுகாமின் மருத்துவ நிலையத்தில் பதிவு மேசை அவளுடையது. இருபத்து மூன்று வருடமாக அதே கண்ணாடித் தடுப்பு, அதே சுழல் நாற்காலி, கையெட்டும் தூரத்தில் முத்திரை. சீருடை போடாத சாதாரண ஊழியர்தான். ஆனால் ராணுவ டாக்டர்களின் தோள்பட்டையை அவளைப்போலப் படிக்கத் தெரிந்தவர்கள் அந்த முகாமில் கிடையாது. ஓக் இலை வளையத்தோடு ஒரு நட்சத்திரம் என்றால் மேஜருக்குச் சமமான டாக்டர். இரண்டு என்றால் கள டாக்டர். மூன்று, கர்னல் டாக்டர். இலை பொன்னிறமாகிவிட்டால் ஜெனரல் டாக்டர். அப்படி ஒருவர் வருகிற நாளில் நிலையத்தின் கழிவறைகள் இரண்டு தடவை கழுவப்படும். நட்சத்திரங்களோடு கோலில் சுற்றிய பாம்பு ஒன்றும் இருக்கும். பாம்பு இரண்டு சுற்று சுற்றியிருந்தால் உடம்பு பார்க்கும் டாக்டர், ஒரே சுற்று என்றால் பல் டாக்டர். பதவிப் பெயர் இருவருக்கும் ஒன்றே, நட்சத்திரமும் ஒன்றே. பட்டாணி அளவுக்குக் கறுப்பு நூலில் தைத்த அந்தப் பாம்பின் சுற்றை யாரும் எண்ணிக்கொண்டிருப்பதில்லை. தேடா எண்ணுவாள்.

சந்தேகம் அவளுக்கு ஒரு வியாதி என்று சொன்னவர்கள் உண்டு. கண் தெரிவது வியாதியா என்று அவள் திருப்பிக் கேட்பாள். கடலோரத்தில் பிறந்தவள். கடல் ஏறி இறங்கும் ஓத நேரத்தை வானொலி சொன்னாலும் நம்பாமல் கரையணை மேல் ஏறித் தானே பார்த்துவிட்டு வந்து வீட்டில் அறிவிக்கிற சிறுமியாக இருந்தாள். அவள் கணவரின் பெயர் என்னோ; தீவுக்குப் போகும் படகில் எந்திரம் பார்ப்பவர். விருந்தாளிகள் வந்தால் அவர் தவறாமல் சொல்லும் கதை ஒன்று: "கல்யாணத்துக்கு முன்னாடி ஆறு மாசம் என்னைய விசாரிச்சா. எங்கம்மாகிட்டயே போயி, இவரு சொல்ற பொறந்த தேதி சரிதானான்னு கேட்டிருக்கா. அம்மா யோசிச்சுப் பாத்துட்டு, சரிதான்னு நினைக்கிறேன்னு சொன்னாங்களாம். அந்த 'நினைக்கிறேன்' இவளுக்கு இன்னும் உறுத்துது."

தேடா அப்போது சிரிக்காமல் தேநீர் ஊற்றுவாள். அந்தக் கடலோர வழக்கப்படி கற்கண்டு முதலில், தேநீர் பிறகு, பாலேடு கடைசியில், கலக்காமல்.

அவளுடைய சந்தேகங்கள் பெரும்பாலும் சரியாகத்தான் இருந்தன. காய்ச்சல் என்று வந்தவன் வெப்பமானியை ஹீட்டரில் வைத்ததை அவள் கண்டுபிடித்திருக்கிறாள். விடுப்புச் சீட்டில் ஏழாம் தேதியைப் பதினேழாக்கியவனைக் கண்டுபிடித்திருக்கிறாள். ஆனால் ஒருவரைப் பற்றிப் பேசும்போது, நூறு தடவை சரியாக இருந்ததை யாரும் சொல்வதில்லை. ஒன்பது வருடங்களுக்கு முன்னால் கர்னல் டாக்டரின் தோள்பட்டையோடு ஓட்டப்பந்தயச் சப்பாத்து போட்டுக்கொண்டு ஒருவர் உள்ளே வந்தார். மேசையில் சாய்ந்து நின்றார். இங்கே யார் பொறுப்பு என்று அவளிடமே கேட்டார். தேடா வாசல் காவலுக்குத் தொலைபேசி செய்து, "போலி டாக்டர் ஒருத்தன் உள்ள இருக்கான்" என்றாள். அவரைக் காவலறையில் இரண்டு மணி நேரம் உட்கார வைத்தார்கள். அசல் கர்னல் டாக்டர்தான். ஆய்வுக்கு வந்தவர், கால் பெருவிரல் முறிந்திருந்தது.

அதன்பின் அவளுடைய பணிக்கோப்பில் ஒரு கடிதம் ஏறியது. ஓர் அதிகாரியின் அடையாளத்தைப் பற்றி இன்னொரு முறை ஆதாரமில்லாமல் புகார் எழுந்தால், எழுபது கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ஆவணக் கிடங்குக்கு மாற்றம். ஜன்னலில்லாத நிலவறை அது. அந்தக் கடிதத்தை இப்போதைய நிலையத் தலைவி, கர்னல் டாக்டர் ப்ரூக்மான், பதவியேற்ற முதல் நாளே படித்திருந்தார். படித்ததைத் தேடாவிடம் சொல்லவும் செய்தார்.

இந்த நிலையில்தான் யோர்ன் டீட்கென்ஸ் வந்தார்.

வழக்கமாகப் பரிசோதனை செய்யும் டாக்டருக்கு முதுகு பிடித்துக்கொண்டதால், மூன்று வாரத்துக்கு மாற்றாக வந்த ரிசர்வ் அதிகாரி. வெளிநாட்டுப் பணிக்குப் போகவிருந்த முப்பத்தொரு வீரர்களைச் சோதித்து, தகுதி உண்டா இல்லையா என்று அவர் கையெழுத்திட வேண்டும். கையெழுத்துக்குப் பக்கத்தில், இவர் இன்னார், இதைச் செய்ய உரிமையுள்ளவர் என்பதற்குச் சாட்சியாகப் பதிவு மேசையின் முத்திரை விழும். முத்திரை இல்லாமல் கோப்பு வெளியே போகாது. முத்திரைக்குக் கீழே பதிவாளரின் பெயர் இருக்கும்: தே. ஹிப்பன்.

உயரமான, கூச்சமான மனிதர். முதல் நாள் காலை "மொயின்" என்று அந்தப் பக்கத்து வணக்கம் சொன்னார். தேடாவும் "மொயின்" என்றாள், தோளைப் பார்த்தபடி. இரண்டு நட்சத்திரம். அதற்குள் அவர் திரும்பிவிட்டார்.

மூன்றாம் நாள் ஒரு படிவத்தில் கையெழுத்துப் போட அவளுடைய மேசைமேல் குனிந்தார். வலது தோள் அவளுடைய மூக்குக் கண்ணாடிக்கு ஒரு சாண் தூரத்துக்கு வந்தது. பாம்பு கோலைப் பிடித்து ஏறி, ஒரு தடவை வளைந்து, தலையை நீட்டியிருந்தது. அவ்வளவுதான். இடது தோளிலும் அப்படியே.

அவர் போன பிறகு தேடா கொஞ்ச நேரம் எதையும் தொடவில்லை. எதிரே மருந்து அலமாரியைச் சரிபார்த்துக்கொண்டிருந்த சார்ஜெண்ட் ஹாயோ அவளைப் பதினாறு வருடமாகப் பார்ப்பவர். அந்த மௌனம் அவருக்குத் தெரியும்.

"தேடா, வேணாம்" என்றார்.

"நான் ஒண்ணும் சொல்லலியே."

"உன் மூக்கு சொல்லுது."

"அவரு தோள்ல பாம்பு ஒரு சுத்துதான் சுத்தியிருக்கு, ஹாயோ."

"சோம்பேறிப் பாம்பா இருக்கும்."

"பல் டாக்டரோட பாம்பு அது. பல் டாக்டரு எதுக்கு முப்பத்தொரு பேரோட இதயத்தைக் கேக்கறாரு?"

ஹாயோ அலமாரியை மூடினார். "இங்க பாரு. போன தடவை சப்பாத்து. இந்தத் தடவை பாம்பு. கிடங்குல உனக்கு மேசைய இப்பவே துடைச்சு வைக்கச் சொல்லவா?"

ஹாயோ சொன்னது நியாயம். மேலிடத்துக்குத் தொலைபேசி செய்து கேட்டால் அந்தக் கேள்வியே புகாராகிவிடும். சும்மா இருந்தால் முப்பத்தொரு கோப்பிலும் அவள் பெயர் விழும். அந்த ஆள் டாக்டரே இல்லையென்றால், இதயத்தில் ஓட்டையோடு ஒருவன் பாலைவனத்துக்குப் போய் விழுந்தால், முதலில் புரட்டப்படும் பக்கம் அதுதான். நாற்காலியா, முத்திரையா. இரண்டையும் ஒரே கையில் பிடிக்க வழி தெரியவில்லை.

அதனால் கவனித்தாள். கவனிக்கக் கவனிக்க, ஒரு நல்ல டாக்டரைப் போலத்தான் இருந்தார். அதுவே அவளுக்குப் பிடிக்கவில்லை. நிஜமான டாக்டர்கள் இவ்வளவு நேரம் எடுப்பதில்லை. ஸ்டெதாஸ்கோப்பை உள்ளங்கையில் சூடாக்கிவிட்டு வைத்தார். யார் அப்படிச் செய்கிறார்கள்? தொண்டையைப் பார்க்க வாயைத் திறக்கச் சொன்னால், திறந்த வாயை ரொம்ப நேரம் பார்த்தார். எவ்வளவு நேரம் என்று தேடா கதவிடுக்கு வழியாகப் பார்த்து மூன்று முறை குறித்தாள்.

ஆறாம் நாள் துணிந்து ஒரு சோதனை வைத்தாள். "கள டாக்டர், எனக்குப் படியேறினா முழங்கால் வலிக்குது. என்னவா இருக்கும்?"

அவர் நின்றார். எந்தப் பக்கம், ஏறும்போதா இறங்கும்போதா, காலையில் விறைக்கிறதா என்று கேட்டார். பிறகு எளிமையாக, முழுமையாக, பிசிறில்லாமல் விளக்கினார். மனப்பாடம் செய்த பாடம் போல இருந்தது. நன்றி சொல்லிவிட்டு தேடா திரும்பும்போது, தயங்கித் தயங்கி ஒன்று சொன்னார்:

"தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க பேசும்போது கவனிச்சேன். கீழ் வரிசையில, இடது பக்கம், கடைசிப் பல்லு ஈறு வீங்கியிருக்கு. காட்டிருங்க."

தேடா வாயை மூடிக்கொண்டாள். வீங்கித்தான் இருந்தது. இரண்டு வாரமாக.

"முழங்காலக் கேட்டா பல்லச் சொல்றாரு" என்று ஹாயோவிடம் போய்ச் சொன்னாள்.

"பல்லு நிஜமா வலிக்குதா?"

"வலிக்குது."

"அப்ப நல்ல டாக்டருதான்."

"நல்ல பல் டாக்டரு" என்றாள் தேடா.

ஜெனரல் டாக்டரின் வருகை அந்த வியாழக்கிழமைக்குக் குறிக்கப்பட்டிருந்தது. வெளிநாடு போகும் படையின் கோப்புகள் அன்றைக்கு முடியும் என்பதால், அவற்றை நேரில் பார்த்துவிட்டு, மதியம் கிளம்பும் வண்டியிலேயே எடுத்துக்கொண்டு போவதாக ஏற்பாடு. தேடா அதில் ஒரு நிம்மதியைக் கண்டாள். தான் வாயைத் திறக்க வேண்டியதில்லை. பொன்னிறத் தோள்பட்டை போட்ட ஒருவர், நாற்பது வருடம் இந்தப் பாம்புகளுக்கு நடுவில் வாழ்ந்தவர், நேருக்கு நேர் நின்று கைகுலுக்கப் போகிறார். அவர் பார்த்துவிடுவார்.

ஜெனரல் டாக்டர் வந்தார். குட்டையான, கலகலப்பான மனிதர். கர்னல் டாக்டர் ப்ரூக்மான் நிமிர்ந்து வணக்கம் வைத்து அறிமுகம் செய்தார். ஜெனரல் டீட்கென்ஸின் கையைப் பிடித்துக் குலுக்கினார், தோளில் தட்டினார். தட்டிய கை சரியாக அந்தப் பாம்பின் மேல் விழுந்தது. "ரிசர்வ்ல இருந்து வர்றவங்க இல்லைன்னா நம்ம கடைய மூடிட்டுப் போக வேண்டியதுதான், கள டாக்டர்" என்றார். அவ்வளவுதான். அடுத்த கையைக் குலுக்கப் போய்விட்டார்.

தேடாவின் கடைசி நம்பிக்கை அப்படியே வராந்தாவில் நடந்து காபி இருந்த அறைக்குள் போனது.

பதினொன்றரைக்கு முப்பத்தொரு கோப்பும் கையெழுத்தாகி அவள் மேசைக்கு வந்தன. அவள் முத்திரையை எடுத்தாள். மையில் ஒற்றினாள். முதல் கோப்பைத் திறந்தாள். பத்தொன்பது வயதுப் பையனின் கோப்பு. 'இதயம்: ஒலி சீர்' என்று டீட்கென்ஸின் கையெழுத்தில் இருந்தது. தேடா முத்திரையைத் திரும்பப் பெட்டியில் வைத்தாள்.

பன்னிரண்டாக ஐந்து நிமிடம் இருக்கும்போது ப்ரூக்மான் வந்தார். பின்னால் ஜெனரல், அவருக்குப் பின்னால் டீட்கென்ஸ். ஹாயோ மருந்து அலமாரியோடு ஒட்டிக்கொண்டார்.

"ஃப்ராவ் ஹிப்பன், கோப்பு தயாரா?"

"கையெழுத்து தயார், கர்னல் டாக்டர். முத்திரை போடல."

"மை தீர்ந்துடுச்சா?"

"இல்ல."

ப்ரூக்மானின் குரல் தணிந்தது. தணியும்போதுதான் அவரைக் கண்டு எல்லோருக்கும் பயம். "அப்புறம் என்ன?"

தேடா எழுந்து நின்றாள். ஒன்பது வருடங்களுக்கு முன்னால் தொலைபேசியில் சொன்ன 'போலி' என்ற அந்த ஒரு வார்த்தை நாக்குவரை வந்தது. விழுங்கினாள். "நான் யாரையும் எதுவும் சொல்லல. பாத்தத மட்டும் சொல்றேன். கள டாக்டரோட ரெண்டு தோள்லயும் பாம்பு ஒரு சுத்துதான் சுத்தியிருக்கு. ஒம்பது நாளா. அது பல் டாக்டருக்கு உள்ளது. இந்தக் கோப்புல பல்லப் பத்தி ஒண்ணும் இல்ல."

ஜெனரல் முதலில் பார்த்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றி, அருகில் போய், பூச்சியைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். ப்ரூக்மானும் பார்த்தார். அவர் ஒன்பது நாளும் இந்தத் தோளுக்கு எதிரே உட்கார்ந்து மதிய உணவு சாப்பிட்டவர். டீட்கென்ஸ் தன் தோளைப் பார்க்கக் கழுத்தைத் திருப்பினார், எட்டவில்லை. கடைசியில் தோள்பட்டையை உருவிக் கையில் வைத்துப் பார்த்தார். காது முதல் கழுத்துவரை சிவந்துபோனார்.

"மாரென்" என்றார் மெல்ல.

"யாரு மாரென்?" என்றார் ஜெனரல்.

"என் மனைவி. அவளும் ரிசர்வ்ல கள டாக்டர்தான். பல்லு. இந்த மாசம் அவளுக்கும் பயிற்சி, வேற முகாம்ல. வீட்டுல வாசப்பக்கம் ஒரு கிண்ணம் இருக்கு. சாவி, தோள்பட்டை எல்லாம் அதுலதான் போடுவோம். அவசரத்துல..."

அவர் தொலைபேசியை எடுத்து, ஒலிபெருக்கியில் போட்டு, மேசைமேல் வைத்தார். ஒரு பெண் குரல் வந்தது. பின்னணியில் பல் தோண்டும் எந்திரம் ஓடிக்கொண்டிருந்தது.

"மாரென், உன் தோளப் பாரு. பாம்பு எத்தனை சுத்து?"

"என்ன விளையாட்டு இது, வேலையில இருக்கேன்... இரு." எந்திரம் நின்றது. துணி உரசும் சத்தம் கேட்டது. "அடக் கடவுளே. ரெண்டு."

ஜெனரல் சிரித்தார். வயிறு குலுங்க, சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஹாயோவும் சிரிக்க அனுமதி கிடைத்ததுபோலச் சிரித்தார். டீட்கென்ஸ்கூடச் சிரித்தார். ப்ரூக்மான் சிரிக்கவில்லை. "ஆக, தெளிவாயிடுச்சு. முத்திரையப் போடுங்க, ஃப்ராவ் ஹிப்பன். மத்தத அப்புறம் பேசிக்கலாம்" என்றார். அந்த 'மத்தது' என்னவென்று தேடாவுக்குத் தெரியும். ஆள் அசல். புகார் பிழை. இரண்டாம் முறை.

முத்திரையைப் போட்டிருந்தால் ஒருவேளை எல்லாம் சிரிப்போடு போயிருக்கும். தேடா போடவில்லை.

"ஃபோன்ல பேசினா யாரு வேணா பொண்டாட்டி ஆகலாம்" என்றாள்.

ஹாயோ கண்களை மூடிக்கொண்டார்.

"மன்னிக்கணும் கள டாக்டர். உங்க கதை உண்மையாவே இருக்கலாம். நல்ல கதை. ஆனா முத்திரை போடறது கதைக்கில்ல. உங்க மருத்துவ உரிமச் சான்றிதழக் கண்ணால பாக்கணும். வந்த அன்னிக்கே கேட்டிருக்கணும், கேக்காதது என் தப்பு. மேலிடம் அனுப்பினவர்னு விட்டுட்டேன்."

"ஃப்ராவ் ஹிப்பன்" என்றார் ப்ரூக்மான்.

"கடிதம் ஞாபகம் இருக்கு, கர்னல் டாக்டர். கிடங்குக்கு அனுப்பறதுன்னா அனுப்புங்க. முத்திரையில இருக்கறது என் பேரு."

ஜெனரல் சிரிப்பை நிறுத்தியிருந்தார். எந்தக் கடிதம் என்று கேட்டார். ப்ரூக்மான் இரண்டு வாக்கியத்தில் சொன்னார். ஜெனரல் முப்பத்தொரு கோப்பையும் பார்த்தார், தேடாவைப் பார்த்தார். "வண்டி சாயங்காலம் கிளம்பட்டும். சான்றிதழ் எங்க இருக்கு, கள டாக்டர்?"

"வீட்டுல. மாரென் எடுத்துட்டு வரலாம். ரெண்டு மணி நேரம் ஆகும்."

"வரட்டும்" என்றார் ஜெனரல். "எனக்கும் சாப்பிட நேரம் கிடைக்கும்."

இரண்டரை மணிக்கு மாரென் டீட்கென்ஸ் வந்தார். சீருடையில், கணவரைவிடக் குட்டையாக, மூச்சு வாங்க. தேடா தோளைப் பார்த்தாள். இரண்டு நட்சத்திரம், இரண்டு சுற்று. கணவனும் மனைவியும் பதிவு மேசைக்கு முன்னால் நின்று ஒருவர் தோளிலிருந்து ஒருவர் பட்டையை உருவி மாட்டிக்கொண்டார்கள். வரிசையில் தடுப்பூசிக்கு நின்ற இரண்டு வீரர்கள் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் கூரையைப் பார்த்தார்கள்.

"எப்பவும் நீதான் கிண்ணத்துல கைய விட்டுக் கலைக்கற" என்றார் மாரென்.

"பாக்காம மாட்டினது நீ."

"நீ மட்டும் பாத்தியா? ஒம்பது நாளா பல் டாக்டரா இருந்திருக்க. ஒரு பல்லாவது பிடுங்கினியா?"

"ஒண்ணு கண்டுபிடிச்சேன்" என்றார் அவர், தேடாவைப் பார்க்காமல்.

தேடா சான்றிதழை வாங்கினாள். பெயர், பிறந்த தேதி, வழங்கிய இடம், வருடம், முத்திரையின் விளிம்பு. பணிப் பட்டியலோடு ஒவ்வொன்றாக ஒப்பிட்டாள். பின்பக்கம் திருப்பிப் பார்த்தாள். பின்பக்கம் வெறுமையாக இருந்தது. அதையும் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு உட்கார்ந்து முப்பத்தொரு முறை ஒற்றினாள், அவசரமில்லாமல், ஒவ்வொன்றும் நேராக விழும்படி.

ஜெனரலின் வண்டி கிளம்பிய பிறகு ப்ரூக்மான் அவள் மேசைக்கு வந்து நின்றார். கையில் பணிக்கோப்பு. அதைத் திறக்காமல் விளிம்பை விரலால் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"கடிதத்துல சொன்னபடி பாத்தா நான் இன்னொரு கடிதம் எழுதணும். ரெண்டாவது தடவை, அசல் அதிகாரி மேல சந்தேகம்னு."

"ஆமா."

"எழுதினா காரணத்தையும் எழுதணும். தோள்பட்டை தப்பா இருந்துச்சு, ஒம்பது நாள். நிலையத் தலைவி தினமும் எதிர்ல உக்காந்து சாப்பிட்டும் பாக்கல. ஜெனரல் தட்டிக் கொடுத்தும் பாக்கல." ப்ரூக்மான் கோப்பைக் கக்கத்தில் செருகினார். "அத எழுத எனக்கு இஷ்டமில்ல. ஜெனரலுக்கும் இருக்காது. நாளைக்கு ஏழு மணிக்கு வழக்கம்போல வாங்க."

"இதே மேசைக்கா?"

"வேற எங்க?"

தேடா அவர் முகத்தைப் பார்த்தாள், அபூர்வமாக. அதில் இரக்கம் இருந்தால் நம்பியிருக்கமாட்டாள். எரிச்சல்தான் இருந்தது. அதை நம்ப முடிந்தது.

வாசலில் டீட்கென்ஸ் தம்பதி கிளம்பத் தயாராக நின்றார்கள். மாரென் விடைபெறக் கையை நீட்டினார். "உங்க பல்லப் பத்தி இவரு சொன்னாரு. இப்பவே பாக்கட்டுமா? ரெண்டு நிமிஷம், வெளிச்சத்துக்கு வாங்க."

தேடா அந்தக் கையைக் குலுக்கினாள். ஈறு காலையிலிருந்து விண்ணென்று தெறித்துக்கொண்டிருந்தது. ஆனாலும் வாயைத் திறக்கவில்லை.

"பாக்கலாம், கள டாக்டர்" என்றாள், உதடு பிரியாமல். "உங்க சான்றிதழக் கொண்டு வந்திருக்கீங்களா?"